மேசை மேல் ஏழு கால்கள்

அன்புள்ளவளுக்கு,

முதுகுவலி குறைந்ததா? அம்மா மாத்திரையை ஒழுங்காகப் போடுகிறார்களா? நான் நன்றாகத்தான் இருக்கிறேன். என் சமையல்தான் வாயில் வைக்க முடியவில்லை.

நான் செய்த செயற்கைக் கால்களுக்குப் போன வாரம் ஒரு வெளியூர்ப் பயணம் வாய்த்தது. கண்ணிவெடியைத் தடை செய்யச் சொல்லி எங்கள் பட்டறை ஆட்களோடு நானும் அதிகாரிகளைப் பார்க்கப் போனேன். சின்னதும் பெரியதுமாக ஏழு கால்களை மேசையில் வரிசையாக வைத்தேன். முதல் கால் ஒரு சாண்தான் இருக்கும்.

ஓர் அதிகாரி எண்ணிப் பார்த்துவிட்டு, "மொத்தம் ஏழு பிள்ளைங்களா?" என்றார்.

"ஏழும் ஒரே புள்ளைக்குத்தான் சார். போர் முடிஞ்சப்புறம் பொறந்தவ. மூணு வயசுல மிதிச்சிட்டா. வளர வளர மாத்திக்கிட்டே இருக்கோம்" என்றேன்.

அவர் ஃபைலை மூடிவிட்டு, "மேலிடத்துல பேசிப் பார்க்கிறேன்" என்றார். டீ நன்றாக இருந்தது. ஏழையும் சாக்கில் கட்டித் திரும்பத் தூக்கி வந்தேன். நேற்று அந்தக் கால்களுக்குரிய பெண் பட்டறைக்கு வந்தாள். மறுபடியும் வளர்ந்துவிட்டாள்.

நம் மகளுக்கு இங்கே செருப்பு வாங்கலாம் என்றிருக்கிறேன். அவளைத் தாளில் நிற்கவைத்து, பாதத்தைச் சுற்றிக் கோடு போட்டு அனுப்பு. தபால்காரர் வாசலில் நிற்கிறார், முடிக்கிறேன். அளவுக்கு ஒரு பாதம் போதுமே என்று விட்டுவிடாதே. இரண்டையும் வரை.

உன் வீட்டுக்காரன்