கால் முன்னால் பிறந்தவள்

நவம்பர் 12, செவ்வாய்.

குச்சிக்கிழங்கு மூட்டை தூக்கியதில் இடுப்பு பிடித்துக்கொண்டதென்று போன வாரம் பொன்னுசாமி வந்தார்.

"நர்சம்மா, நீங்க காலு முன்னால பொறந்தவங்களாமே. அவரு இடுப்புல ஒரு மிதி மிதிச்சுடுங்க, பிடிப்பு விட்டுடும்" என்று அவர் மனைவி கும்பிட்டாள். பேச்சுவாக்கில் யாரிடமோ சொன்னேன், ஊரெல்லாம் பரவிவிட்டது. திட்டினேன். ஊசி போட்டு, மாத்திரை கொடுத்து அனுப்பினேன். மிதித்தால் என்ன ஆகும் என்பதை மட்டும் சொல்லவில்லை. வாசலில் அவ்வளவு கூட்டம்.

இன்று அவரைக் கட்டிலோடு தூக்கி வந்தார்கள். அப்படிப் பிறந்த எவனோ, மலைமேல் ஆலத்தூர் நாட்டு ஊரொன்றில், மிதித்திருக்கிறான். இரண்டு காலிலும் உணர்வில்லை. சிறுநீர் இறங்கவில்லை. டியூப் போட்டு, பலகையில் அசையாமல் கட்டி, ஆம்புலன்ஸில் ஏற்றினேன். மலையடிவாரத்துக் காரவள்ளி வரைக்கும் எழுபது வளைவு.

கதவைச் சாத்தும்போது அவர் மனைவி அழக்கூட இல்லை.

"நீங்க மிதிச்சிருந்தா மெதுவாத்தானுங்களே மிதிச்சிருப்பீங்க" என்றாள்.