மலைக்குடில் கொப்பியில் உன் ஐந்து குறிப்புகள்

என் அன்புக்கும், இந்த வருடம் முழுவதும் என் எரிச்சலுக்கும் உரிய மச்சான் குணம்,

நீ போய் ஒரு வருடம் ஆகப்போகிறது. வழக்கப்படி நினைவு மலர் அச்சாகிறது. வழக்கப்படி என்னைத்தான் எழுதச் சொல்லியிருக்கிறார்கள். இங்கே சுவிசில், பீலிலும் சோலோதுர்னிலும் எங்களவர் யார் இறந்தாலும் மூன்றாம் நாள் எனக்கு அழைப்பு வரும். பிறந்த ஊர், கலியாணம், இங்கே வந்து சேர்ந்த பாடு, பொறுமை, விருந்தோம்பல், ஈடு செய்ய முடியாத இழப்பு. இருபது வருடமாக எல்லோரையும் நல்லவர்களாகவே அனுப்பி வைத்திருக்கிறேன். நீதான் மலர்களை மடித்து, பெட்டியில் அடுக்கி, மண்டபத்துக்குக் கொண்டுபோவாய். ஒன்றையும் வாசித்ததில்லை. கேட்டால், "எனக்கு எழுத்து வராது மச்சான். நீ எழுது, நான் தூக்கிறன்" என்பாய்.

உன்னுடைய மலருக்கு எழுத உட்கார்ந்தால் எனக்குக் கை ஓடவில்லை. துக்கம் என்று ஊர் நினைக்கிறது. நானும் திருத்தவில்லை. உனக்கு மட்டும் சொல்கிறேன், அது பொறாமை. மற்றவர்கள் இதை வாசித்தால் வாசிக்கட்டும். இறந்தவருக்கு எழுதும் கடிதத்தை ஒட்டுக்கேட்காதவர் யார்?

கதை ஆடி மாதத்தில் தொடங்குகிறது. உன் பெயருக்கு ஒரு கடிதம் வந்திருந்தது. வாலிஸ் மலைகளில் இரண்டு நாள், வழிகாட்டியோடு நடை, "மலையும் நாடோடி வாழ்வும்". ஓர் இடம். ஒரே ஓர் இடம், மச்சான். தையிலேயே பதிவு செய்திருக்கிறாய். உன் யோகா என்னைக் கூப்பிட்டாள்.

"அண்ணை, அவரின்ரை இடம் சும்மா கிடக்கு. நீங்கள் ஒருக்காப் போயிட்டு வாங்கோவன்."

"இவன் எப்ப மலைக்குப் போனவன்?"

"ஒவ்வொரு ஆடியும் போறவர்தானே. அஞ்சு வருசமா."

"எனக்கு வேலையெண்டெல்லோ சொன்னவன்!"

என் தங்கை என்ற உரிமையில் உண்மையைச் சொன்னாள். "உங்களுக்குச் சொன்னா நீங்கள் எழுதிப்போடுவீங்களாம். பகிடியா எழுதிப்போடுவீங்களாம். அதுதான்."

உனக்கும் எனக்கும் முப்பது வருடப் பழக்கம். திருகோணமலையிலிருந்து ஒரே வாரத்தில் கிளம்பினோம், ஒரே முகாமில் படுத்தோம், பிறகு என் தங்கையையும் உனக்கே கட்டிவைத்தேன். மலைக்குப் போவோம் என்று எத்தனை தரம் கேட்டிருப்பேன்? "மலை எங்கை ஓடப்போகுது? நிக்கும்" என்றாய். அது நின்றது உண்மைதான். நீதான் நிற்கவில்லை, அதுவும் எனக்குத் தெரியாமல்.

போனேன். உன்னைப் பிடித்த இடத்தைப் பார்த்து அதில் ஒரு குறையாவது கண்டுபிடித்துவிட்டு வரலாம் என்ற நல்லெண்ணத்தில் போனேன்.

மஞ்சள் பஸ் இறக்கிவிட்ட இடத்தில் எட்டுப் பேர். வழிகாட்டி அனினா என்ற பெண். முதல் திருப்பத்தில் நிறுத்தி, மலைக்காரரின் வாழ்வை விளக்கினாள். குளிருக்குப் பள்ளத்தாக்கில் ஒரு வீடு, வசந்தத்துக்கு நடுமலையில் ஒரு வீடு, கோடைக்கு உச்சியில் ஒரு குடில். மாடு முன்னால் போக, மனிதன் பின்னால் போவான். இதுவும் ஒருவகை நாடோடி வாழ்வு என்றாள். பிறகு, "உங்களில் யாருக்காவது இடம் மாறி மாறி வாழ்ந்த அனுபவம் உண்டா?" என்று கேட்டாள். சூக் நகரிலிருந்து வந்த ஓய்வுபெற்ற பெரியவர் ஒருவர் கை உயர்த்தினார். அவர் இரண்டு முறை வீடு மாறியிருக்கிறார், ஒரே தெருவுக்குள். எல்லோரும் மரியாதையோடு தலையசைத்தார்கள். என் கணக்கு பதினொன்று. கோயில் மடம், பள்ளிக்கூடம், கொழும்பு லொட்ஜ், பெயர் தெரியாத நாட்டில் கோழிப்பண்ணை என்று போகும். அனுபவத்துக்குப் பணம் கட்டி வந்தவர்களின் நாளைக் கெடுக்கக்கூடாது என்று சும்மா இருந்தேன்.

இரவு தங்கக் கூடாரம். மொங்கோலிய நாடோடிக் கூடாரம், உருண்டையாக, வெள்ளைக் கம்பளியில், நடுவில் அடுப்போடு. மொங்கோலியர் அதைக் கழற்றி ஒட்டகத்தில் ஏற்றிக்கொண்டு போவார்களாம். இங்கே அதற்கு நகரசபை அனுமதி வாங்கி, கீழே கொங்கிறீட் போட்டிருக்கிறார்கள். அசைய முடியாது. நாடோடி வாழ்வை ஆசையாகப் பார்க்கிற ஒரு நாடு அதை எப்படி வைத்திருக்குமோ அப்படி வைத்திருந்தார்கள்.

மாடுகளுக்குக் காதில் இலக்கத் தகடு. ஒவ்வொன்றும் எங்கே பிறந்தது, எந்த நாளில் மலையேறியது என்பதெல்லாம் பதிவாகுமாம். எனக்கு அவற்றோடு உடனே ஓர் உறவு வந்தது. எங்களுக்குச் சட்டைப்பையில் இருந்த அகதி அட்டை அவற்றுக்குக் காதில். ஆனால் அவை முதல் வருடமே கன்டோன், அதாவது மாகாணம், மாறலாம்; அகதிக்கு அது முடியாது.

இதையெல்லாம் நான் மனதுக்குள் கட்டுரையாக அடுக்கிக்கொண்டிருந்தேன். நீ பயந்தது சரிதான், மச்சான்.

கூடாரத்துக்குப் பக்கத்தில் இருந்த கோடைக் குடிலின் சொந்தக்காரி ரோஸ்மாரி. அறுபது கடந்தவர், கை இரண்டும் கதவு மாதிரி. மேசையில் பாலும் வெண்ணெய்க்கட்டியும் வைத்துவிட்டு என் முகத்தைப் பார்த்தார். "குணம் வரவில்லையா?" என்று கேட்டார். நீ இறந்ததைச் சொன்னேன். அவர் உள்ளே போய், தடித்த அட்டை போட்ட ஒரு கொப்பியோடு வந்தார். வந்துபோகிறவர்கள் எழுதும் கொப்பி. ஐந்து பக்கங்களில் காகிதத் துண்டு செருகியிருந்தது.

"இது அவர் எழுதியது. ஒவ்வொரு வருடமும் அந்த மூலையில் ஒரு மணித்தியாலம் இருந்து எழுதுவார். என்ன எழுதினீர் என்று கேட்டால் சிரிப்பார். நீங்கள் வாசிப்பீர்களா?"

அனினா மற்றவர்களை அமைதியாக இருக்கச் சொன்னாள். எல்லோரும் பால் கோப்பையைக் கீழே வைத்தார்கள்.

கடிகாரத் தொழிற்சாலையில் முள் பொருத்திய உன் கையெழுத்து. சின்னச் சின்னதாக, ஒன்றையொன்று தொடாமல். முதலாம் வருடம் இப்படி இருந்தது:

"மாடுகள் ஏறின. பின்னால் நானும் ஏறினேன். ஒருவரும் அட்டை கேட்கவில்லை."

நான் காலையிலிருந்து காதுத் தகட்டை வைத்துக் கட்டிக்கொண்டிருந்த கட்டுரை முழுவதும் அதில் இருந்தது. மிச்சமும் இருந்தது.

இரண்டாம் வருடம்: "இவர்கள் வருடத்துக்கு மூன்று வீடு மாறுகிறார்கள். விட்டுப் போகும்போது அடுப்படியில் விறகு அடுக்கிவிட்டுப் போகிறார்கள். நாங்கள் பூட்டித் திறப்பைக் கொண்டுபோனோம்."

மூன்றாம் வருடம்: "மழை. ஒன்றும் தெரியவில்லை. நல்ல நாள்."

நாலாம் வருடம்: "தொழிற்சாலையில் நேரம் செய்கிறேன். இங்கே அது எங்கே போகிறது என்று பார்க்கிறேன்."

ஐந்தாம் வருடம்: "மச்சானைக் கூட்டிவரலாம் என்று இந்த முறையும் நினைத்தேன். அவன் வந்தால் எல்லாவற்றுக்கும் விளக்கம் சொல்லிவிடுவான்."

எனக்குக் காது சுட்டது. நான் ஆயிரம் பக்கம் எழுதியவன். எங்கள் சஞ்சிகையில் மாதம் தவறாமல் எழுதுகிறவன். எழுத்து வராதவன் ஒருவன் வருடத்துக்கு மூன்று வரி எழுதிவிட்டு, அதையும் ஒரு மாட்டுக் கொட்டிலில், ஒருவருக்கும் வாசிக்கத் தெரியாத இடத்தில் வைத்துவிட்டுப் போயிருக்கிறான். பெயர் வாங்கும் நோக்கம்கூட இல்லை. எதிரிக்கும் செய்யக்கூடாத காரியம் அது.

"என்ன எழுதியிருக்கிறார்?" என்றார் ரோஸ்மாரி.

நான் தொண்டையைச் சரிசெய்துகொண்டேன். நல்ல ஜெர்மனில் சொன்னேன்: "மலை மிக அழகாக இருக்கிறது. வெண்ணெய்க்கட்டி சுவையாக இருக்கிறது. உபசரிப்புக்கு நன்றி."

"ஐந்திலும் அதுவா?"

"கிட்டத்தட்ட."

"ஒரு மணித்தியாலம் இருந்து எழுதினாரே?"

"தமிழ் எழுத்துகளுக்கு வளைவு கூட" என்றேன்.

சூக் பெரியவர் சிரித்தார். ரோஸ்மாரி சிரிக்கவில்லை. கொப்பியை மூடி, ஏப்ரனில் துடைத்து, உள்ளே கொண்டுபோனார். ஐந்து வருடம் ஒன்றுக்காகக் காத்திருந்து, கிடைத்தது இதுதான் என்று தெரிந்த ஒருவரின் முதுகை நான் பார்த்தேன். அவர் எனக்கு இரண்டாம் தரம் பால் ஊற்றவில்லை. அடுத்த நாள் காலையில், அவர் மாட்டுக்குப் போன நேரம், ஐந்து பக்கத்தையும் களவாகப் படம் எடுத்தேன். ஏன் எடுத்தேன்? அப்போது எனக்குத் தெரியாது என்று எழுத ஆசை. தெரியும்.

வீட்டுக்கு வந்ததும் யோகா கேட்டாள். "அங்கை ஒரு கொப்பி இருக்காம். அவர் அதிலை ஏதும் எழுதி வைச்சவரோ?"

"பெயரும் திகதியும்தான்" என்றேன். ஒரு பொய்யைச் சொன்னால் அதற்குத் துணைக்கு இன்னொன்று வேண்டியிருக்கிறது.

பிறகு இந்த மலர். மாசியில் எழுத உட்கார்ந்தேன். பிறந்த ஊர், கலியாணம், வந்து சேர்ந்த பாடு, பொறுமை, எல்லாம் வரிசையாக வந்தன. அவற்றைப் பார்க்க எனக்கே வெட்கமாக இருந்தது. அப்போது ஒரு வசனத்தை எடுத்து நடுவில் வைத்தேன். "நாங்கள் பூட்டித் திறப்பைக் கொண்டுபோனோம்." மேற்கோள் குறி இல்லாமல். அந்தப் பக்கத்தில் உயிருள்ளதாக அது மட்டும்தான் இருந்தது. என்னுடையதைப் போலவும் இருந்தது, இரண்டு தரம் வாசித்தபின்.

யோகாவுக்குக் காட்டினேன். கண்ணாடியைப் போட்டுக்கொண்டு, குசினி மேசையில் வைத்து வாசித்தாள். அந்த வரியில் விரலை வைத்தாள்.

"அண்ணை, இது ஆர் எழுதினது?"

"ஏன், நான்தான்."

"நீங்கள் இவ்வளவு சின்னனா ஒருநாளும் எழுத மாட்டீங்கள். இது அவர் கதைக்கிற மாதிரிக் கிடக்கு."

நான் எழும்பித் தண்ணீர் குடித்தேன். அவள் விரலை எடுக்கவில்லை.

"அவர் எழுதி வைச்சவர், என்ன? நீங்கள் எனக்குப் பொய் சொன்னனீங்கள்."

"ஓம்" என்றேன். போனை எடுத்து நீட்டினேன்.

ஐந்தையும் பெரிதாக்கிப் பெரிதாக்கி வாசித்தாள். இரண்டாவதில் நெடுநேரம் நின்றாள். திருகோணமலையில் பூட்டிவிட்டு வந்த அந்த வீட்டுத் திறப்பு இப்போதும் அவளிடம்தான் இருக்கிறது; வீடு இல்லை என்பது உனக்குத் தெரியும். அழுவாள் என்று கைத்துண்டைத் தேடினேன். ஐந்தாவதுக்கு வந்ததும் அவள் சிரிக்கத் தொடங்கினாள். நீ போனபிறகு நான் கேட்ட முதல் சிரிப்பு. அதையும் நீதான் வரவழைத்தாய். நான் பதினொரு மாதமாகப் பகிடி சொல்லிக்கொண்டிருந்தேன்.

"சரியாப் பிடிச்சிருக்கிறார் உங்களை" என்றாள். பிறகு, "அந்த மனிசிக்கு வாசிச்சுச் சொன்னீங்களோ?"

சொன்னதைச் சொன்னேன். சிரிப்பு நின்றது.

"வளைவு கூடவோ? சீ, அண்ணை! அஞ்சு வருசம் அவருக்குப் பால் குடுத்த மனிசி."

இதற்கு என்னிடம் விளக்கம் எதுவும் இருக்கவில்லை. எழுதி வைத்துக்கொள், நான் விளக்கம் சொல்லாத இடமும் ஒன்று உண்டு.

முடிவு யோகா எடுத்தது. மலரின் முதல் பக்கத்தில் உன் ஐந்து குறிப்புகள் வருகின்றன, உன் கையெழுத்திலேயே, உன் பெயரோடு. பிறந்த ஊரும் பொறுமையும் விருந்தோம்பலும் இல்லை. நான் எழுதியதைக் கிழித்துவிட்டேன். இந்தக் கடிதத்துக்கு இடம் கேட்டேன். கடைசிப் பக்கத்தில், அச்சகத்தாரின் விளம்பரத்துக்குக் கீழே தருகிறாளாம். பொறாமை தீர்ந்ததா என்று கேட்கிறாயா? அச்சகத்தார் முதல் பக்கத்தைப் பார்த்துவிட்டு, "ஆர் இவர், இன்னும் ஏதும் எழுதியிருக்கிறாரோ?" என்று என்னிடம் கேட்டார். என்னிடம், மச்சான்.

வரும் ஆடிக்கு அதே நடையில் ஓர் இடம் பதிந்திருக்கிறேன். அனினா என்ன கேட்டாலும் வாய் திறக்க மாட்டேன். ரோஸ்மாரியிடம் போய், போன வருடம் பொய் சொன்னேன் என்று முதலில் சொல்வேன். கொப்பியைத் தந்தால், ஐந்தையும் சொல்லுக்குச் சொல் ஜெர்மனில் வாசிப்பேன், என்னைப் பற்றியதையும் சேர்த்து, சூக்கிலிருந்து யார் வந்திருந்தாலும். தராவிட்டால் மனப்பாடமாகச் சொல்வேன். அது எனக்குப் பாடம்தான், வேறென்ன செய்ய. ஒன்றுக்கும் விளக்கம் சொல்ல மாட்டேன். சத்தியம்.

யோகாவுக்கு மூத்தவன், உனக்கு மச்சான்,
நீ கூட்டிப்போகாத
சிவநேசன்