அட்டையைக் கூப்பிட்ட தாய்

ஜெனிற்றா,

நான் வேலைக்குப் போறேன். ரொட்டியும் கட்டச் சம்பலும் மூடி வச்சிருக்கேன். சாவி ஜன்னல் கட்டையில இருக்கு.

கவிதைத் தாள்களைப் பதுளை அச்சகத்துல குடுக்கிறதுக்கு முந்தி பதினோராம் பக்கத்தைப் பாரு. பிரெஞ்சுக்காரன் எழுதினதை இங்கிலீசுல படிச்சு நீ தமிழாக்கினது. சாகக் கிடக்கிற பிள்ளையை மடியில வச்சிக்கிட்டு, "அட்டை இன்னும் வரலையே"ன்னு தாய் அழுறாளாம். நீயும் தேயிலைத் தோட்டத்துல பொறந்தவதானே? அட்டையை யாராவது வரச் சொல்லி அழுவாங்களா? அது கூப்பிடாமலே காலில ஏறும். உன் பெரிய அகராதியை எடுத்துப் பார்த்தேன். இங்கிலீசுப் புத்தகத்துல இருக்கிற 'லீச்'னா அட்டை மட்டுமில்ல, பழைய இங்கிலீசுல வைத்தியனும்தானாம்.

"கொழுந்து மூட்டை தூக்குறவருக்குக் கவிதை எங்க விளங்கும்"னு கட்டின புருஷனைப் பார்த்து நேத்து கேட்டே. எங்கம்மாவும் தங்கச்சியை மடியில போட்டுக்கிட்டு, டாக்டர் வருவார்னு லயத்து வீட்டு வாசலையே பார்த்துக்கிட்டு இருந்தாங்க. வந்தது லொறி, சவப்பெட்டியோட.

வைத்தியன்னு மாத்தி எழுது.

மத்தேயு

பி.கு. அந்தக் கவிதையில வைத்தியன் கடைசியா வந்தானா இல்லையான்னு எனக்குத் தெரியாது. அடுத்த பக்கத்தை நான் திருப்பல்ல.