அசையாத பெண்

இயக்குநர் அவர்களுக்கு,

‘என்னங்க’ என்று எழுத இன்று கை வரவில்லை.

உங்கள் அனிமேஷன் பேய்ப் படத்தைப் பார்த்தேன். ஜப்பானிய அனிமேஷன் படங்களைப் போட்டுக் காட்டி எனக்குப் பாடம் எடுப்பீர்களே: “பேய் பாயக் கூடாதுடி. ஒரே படத்தை அப்படியே நிறுத்தி வச்சு, திரைச்சீலையை மட்டும் ஆட்டணும். அப்பதான் ஜனங்க அலறுவாங்க.” அப்படியே செய்திருக்கிறீர்கள். கூர்கோபுரங்களோடு பாழடைந்த கோதிக் மாளிகை. காலித் தொட்டிலருகே அசையாமல் உட்கார்ந்திருக்கிறாள் ஒருத்தி. திரைச்சீலை மட்டும் ஆடுகிறது.

பக்கத்து இருக்கைக்காரர், “யப்பா, என்னமா யோசிச்சிருக்காங்க!” என்றார். எனக்குப் பற்றிக்கொண்டு வந்தது. மாளிகை உங்கள் யோசனை. அவள் யார்? அவிழ்ந்து தொங்கும் பின்னல், உள்பக்கம் வெளியே தெரியப் போட்ட சட்டை. பிரசவத்துக்குப் போன ஆஸ்பத்திரியிலிருந்து வெறுங்கையோடு வந்த அந்த வாரம் நான் அப்படித்தானே கிடந்தேன்?

“கொஞ்ச நாள் தனியா விடுங்க, சரியாயிடுவா” என்று என் அம்மாவைத் திருப்பி அனுப்பினீர்கள். நீங்களும் என் அருகே வராதபோது, உங்களுக்கு ஏதோ வேலை என்றுதான் நினைத்தேன். வேலைதான் போலிருக்கிறது. ஒரு வாய் தண்ணீர் கொண்டுவந்து கொடுத்திருந்தால் நான் அசைந்திருப்பேன். அசைந்தால் படம் கெட்டுவிடும், இல்லையா?

அந்தக் காட்சியில் அறைக்கதவு ஒரு சாண் திறந்திருக்கிறது. வெளியே இருட்டில் யாரோ நின்று அவளையே பார்த்துக்கொண்டிருக்கிறார்கள். அதையும் நீங்களேதான் வரைந்திருக்கிறீர்கள்.

தொட்டிலருகே இருந்தவளைப் பார்த்து யாரும் பயப்படவில்லை. கதவைப் பார்த்துத்தான் அரங்கமே அலறியது.

இப்படிக்கு,
எழுந்து போய்விட்டவள்