மஞ்சள் மப்ளர்

பீலெஃபெல்ட்,
மார்கழி 2009

அன்புள்ள தேவமலர்,

நீயும் பிள்ளையும் முகாமில் நோய்நொடியில்லாமல் இருக்க வேண்டுமென்று இங்கே தினமும் விளக்கு வைக்கிறேன். உன் கடிதம் கிடைத்தது. வைகாசியில் சண்டை முடிந்த குழப்பத்தில் காணாமல்போன கார்த்திகன் இனி வரமாட்டான், செத்தவருக்குச் செய்கிற அந்தியேட்டிக் கிரியையைச் செய்துவிட்டுப் பொட்டை அழி என்று பெரியப்பா நெருக்குவதாக எழுதியிருந்தாய். வாசித்ததும் எனக்குப் பற்றிக்கொண்டு வந்தது. அவருக்கு என்ன அவசரமாம்?

இங்கே கீழ்வீட்டு ஹங்கேரிக்கார ஓவியர் ஃபெரென்ஸ் போன கிழமை காலமாகிவிட்டார். நல்ல மனிசன். என் மீன்குழம்பின் உறைப்புக்குக் கண்ணீர் விட்டுக்கொண்டே இன்னும் கேட்பார். இளம் வயதில், ரஷ்ய டாங்கிகள் வந்தபோது எல்லை கடந்து ஓடிவந்தவர். ஊரில் அவர் செத்துவிட்டதாகவே பேச்சாம். தாய் மட்டும் நம்பாமல், சாப்பாட்டு மேசையில் அவருக்கும் ஒரு கோப்பை வைப்பாராம். கனகாலத்துக்குப் பிறகு எல்லை திறந்து இவர் ஊருக்குப் போனபோது தாய் இல்லை. அதன்பிறகு வாழ்நாள் முழுக்க அந்த மேசையைத்தான் திரும்பத் திரும்ப வரைந்தார்.

ஆவணியில் கார்த்திகனின் போட்டோவை வாங்கிப்போய், பெரிதாக வரைந்து கொண்டுவந்தார். துணியை விலக்கினால், கழுத்தில் மஞ்சள் செவ்வந்தி மாலை! ஐயோ, என்ரை பிள்ளை உயிரோடை இருக்கிறான், கழட்டுங்கோ என்று தமிழிலேயே கத்திவிட்டேன். பாவம், அந்த மனிசன் வெலவெலத்துப் போனார். எங்கள் சுவரில் அம்மா, ஐயா, உன் மாமா எல்லாருக்கும் மாலை போட்டிருக்கிறதே, அன்பானவர்களுக்குப் போடுவது என்று நினைத்தாராம். விளங்கப்படுத்தியதும் என் கையைப் பிடித்துக்கொண்டு அழுதார்.

படத்தைத் திரும்ப எடுத்துப்போய், நோயோடு அந்த மாலையை மஞ்சள் கம்பளி மப்ளராக மாற்றிவிட்டார். இங்கே வந்து இறங்கும்போது பிள்ளைக்குக் குளிருமே என்றார். பிறகு அவர் தூரிகை தொடவில்லை.

செத்தவீட்டுக்கு வந்த அவருடைய மகள், புடாபெஸ்டில் அப்பாவின் படங்களைக் கண்காட்சியாக வைக்கப்போவதாகச் சொல்லி, கடைசிப் படமென்று இதையும் கேட்டாள். அவன் வந்து பார்த்தாப்பிறகு கொண்டுபோங்கோ என்றேன். சரியென்று தலையாட்டி, அவளே சுவரில் நேராக்கி மாட்டிவிட்டுப் போனாள்.

தேவமலர், அவன் வருவான் என்று சத்தியம் பண்ண எனக்கு ஏலாது. ஆனால் பொட்டை அழிக்கிற நாள் எப்படியிருக்குமென்று எனக்குத் தெரியும். அந்த நாளை நீயாகக் கூப்பிடாதே. பெரியப்பா கேட்டால், மாமி மறித்தவ என்று சொல்.

அதே மஞ்சளில் ஒரு மப்ளர் வாங்கி இதோடு அனுப்புகிறேன். வவுனியா வெயிலுக்கு மப்ளரா என்று சிரிக்காதே. அவனுக்கென்று எடுத்து வை. காலையில் முகம் கழுவியதும் பொட்டு வைக்க மறவாதே, பிள்ளை.

உன் மாமி,
புஷ்பமலர்