இரண்டு சிவப்புத் தொப்பிகள்

இன்று காலை குழாயைத் திறந்ததும் பிளீச்சிங் பவுடர் வாடை மூக்கில் ஏறியது. நகராட்சிக்காரர்கள் தாராளமாகக் கொட்டியிருக்கிறார்கள். "இதக் குடிச்சா வயிறு இன்னாத்துக்கு ஆவறது?" என்று திட்டிக்கொண்டே அம்மா குடத்தை நகர்த்தினாள். நான் வாளிக்குள் குனிந்து மோந்துகொண்டு நின்றேன். நமக்கு அது நீச்சல் குளத்து வாசனை. 'நமக்கு' என்று எழுதிவிட்டேன். இப்போது நான் ஒருத்திதான்.

மதியம் பன்னாட்டு விளையாட்டு விழாவில் பெண்கள் வாட்டர் போலோ, நீந்திக்கொண்டே பந்தைக் கோலுக்குள் எறிகிற நம் ஆட்டம். கைப்பேசியில் பார்க்கலாம். ஆனால் அதைப் பற்றிப் பேச இந்தக் காஞ்சிபுரத்தில் எனக்கு ஆளில்லை. நாம் அணியில் தேர்வாகி ஊர் திரும்பியபோது போலோ என்றதும் குதிரைமேல் ஆடுவதென்று நினைத்து உங்கள் தெருப் பெரியவர் ஒருவர் கேட்டாரே, "தண்ணியில குதிர எப்பிடிம்மா நிக்கும்?" என்று. நீ முகம் மாறாமல், "அதுக்கும் நீச்சல் கத்துக் குடுத்துட்டோம் மாமா" என்றாய். அவர் நம்பிவிட்டார். இன்றும் நினைத்தால் சிரிப்பு வருகிறது, பாதியிலேயே நின்றுவிடுகிறது.

கோல் காப்பவர்களுக்கு மட்டும் சிவப்புத் தொப்பி. நீ தண்ணீரில், மாற்று ஆளான நான் கோலுக்குப் பக்கத்துப் பெஞ்சில். நம் ஆட்கள் பந்தோடு எதிர்க்கோடிக்கு நீந்திப் போய்விட்டால் இந்தக் கோடியில் நீ தன்னந்தனி. தலைக்கு நேராக வருகிற பந்துக்கு அஞ்சாத உனக்கு, அந்தச் சும்மா மிதக்கிற நேரம் பயமாக இருந்தது. முதல் ஆட்டத்திலேயே என் பக்கம் திரும்பினாய். "எதனா பேசிக்கினே இருடி. ஒண்டியா வுட்டுட்டுப் போன மாதிரி இருக்குது."

உங்கள் வீட்டுத் தறியைப் பார்த்த எனக்கு அதில் வியப்பில்லை. கரை ஒரு நிறம், உடல் ஒரு நிறமாகக் கோர்வைச் சேலை. உன் அப்பா நெய்ய, கரைக்கு மட்டும் ஊடைநூல் சுற்றிய தனி நாடா எறிய உன் அம்மா பக்கத்திலேயே இருப்பார். கையும் ஓயாது, பேச்சும் ஓயாது. "ஒண்டி ஆளா உக்காந்தா கோர்வை விழாதுடி" என்பாய். அந்த வழக்கத்தை அப்படியே குளத்துக்குக் கொண்டுவந்துவிட்டாய்.

நானும் பேசினேன். ஐயம்பேட்டை ஷேர் ஆட்டோ நெரிசல், கோயில் இட்லியில் கடிபட்ட மிளகு, உன் அத்தை மகன் கல்யாணத்தில் முதல் பந்தியிலேயே சாம்பார் தீர்ந்துபோனது. எதிரணிக்காரிகள் ஏதோ ரகசியத் திட்டம் என்று முறைத்தார்கள். தமிழ் தெரியாத நம் பயிற்சியாளரும் அப்படியே நினைத்து மெச்சிக்கொண்டார். எல்லா ஆட்டமும் தோற்றோம், அது வேறு விஷயம்.

கடைசி ஆட்டத்தில் பந்து பட்டு உன் விரல் பிசகியது. என்னை இறக்கினார்கள். எவ்வளவு நாள் ஏங்கிய இடம்! நம் ஆட்கள் முன்னேறிப் போனதும் உன் குரலுக்குக் காத்திருந்தேன். வரவில்லை. திரும்பினால், விரலைப் பிடித்துக்கொண்டு என்னையே பார்த்தபடி உட்கார்ந்திருந்தாய். வந்த கோபத்தில் இரண்டு பந்தைத் தடுத்தேன். கரையேறியதும், "வாயில இன்னாடி, கொழுக்கட்டையா?" என்று பாய்ந்தேன்.

"நீ பந்தத் தடுக்கறதப் பாத்துக்கினே இருந்தேன்டி. பேச மறந்துட்டேன்."

ஆஸ்பத்திரியில் கடைசி நாட்களில் நோய் உன் குரலை எடுத்துக்கொண்டது. வந்தவர்கள் எல்லாரும் கட்டிலைச் சுற்றி வாய்மூடி நின்றார்கள். நீ என்னைப் பார்த்து விரல்களைக் குவித்து விரித்தாய். பேசு என்று கோலிலிருந்து காட்டுவாயே, அதே சைகை. பேசினேன். ஆட்டோ, மிளகு, சாம்பார், குதிரை. குதிரைக்குச் சிரித்தாய். பிறகு கண்ணை மூடிக்கொண்டாய், நான் நிறுத்தவில்லை. நர்ஸ் வந்து தோளைத் தொடும்வரை பேசிக்கொண்டுதான் இருந்தேன். எந்தப் பேச்சின் நடுவில் நீ போனாய் என்று இன்றுவரை எனக்குத் தெரியாது.

அதற்குப் பிறகு நான் அதிகம் பேசுவதில்லை. ஏனாத்தூர் பஸ்ஸில் வேலைக்குப் போகிறேன், வருகிறேன். தனியாக இருக்கிறேனடி. சுற்றி வளைத்துச் சொல்ல எனக்கு வரவில்லை.

மதியம் ஆட்டத்தைப் பார்த்தேன். கேமரா பந்தின் பின்னாலேயே ஓடியது. ஒருமுறை மட்டும் குளம் முழுவதையும் காட்டினார்கள். எல்லாரும் ஒரு கோடியில் முட்டி மோதிக்கொண்டிருக்க, மறுகோடியில் ஒரு சிவப்புத் தொப்பி மட்டும் மிதந்துகொண்டிருந்தது. எந்த நாட்டுப் பெண்ணோ, என்ன மொழியோ. என் வாய் தானாகத் திறந்துகொண்டது.

"இன்னிக்கி கொழாத் தண்ணி ஒரே மருந்து வாடைடி. அம்மா காலையிலேர்ந்து கத்திக்கினு இருக்குது..."

"யாராண்டடி பேசிக்கினு இருக்கிற?" என்று அம்மா சமையலறையிலிருந்து கேட்டாள்.

"கோல்ல ஒண்டியா இருக்கிறாம்மா" என்றேன்.