சிரட்டை மேல் நின்ற நாற்காலி

குஞ்ஞக்கா,

இன்று காலையில் பாறசாலையில் ஒரு கடைக்கு மடக்கு நாற்காலி பார்க்கப் போனேன். உற்சவத்துக்கு இன்னும் ஒன்பது நாள்தான் உண்டு. இப்போது எனக்கும் முட்டு வலி. தரையில் உட்கார்ந்தால் யாராவது கைபிடித்துத் தூக்க வேண்டியிருக்கிறது. கடைக்காரர் ஒவ்வொன்றாய் விரித்துக் காட்டினார். தண்ணீர்க் குப்பி வைக்கக் கையில் ஓட்டை போட்டது ஒன்று, குடை மாதிரிச் சுருங்கி உறைக்குள் போவது ஒன்று. நான் பையிலிருந்து உன் நூலை எடுத்தேன். இரண்டு பக்கமும் முடிச்சுப் போட்ட அதே நூல்தான். ஒரு முடிச்சைத் தரையில் வைத்து மற்றதை நாற்காலியின் சீட்டு வரைக்கும் பிடித்தேன். அவர் சிரித்துக்கொண்டு, இது எதுக்கு அம்மா என்று கேட்டார். நான் நூலைச் சுருட்டிப் பைக்குள் வைத்தேன்.

நீ கர்க்கடக மாசத்தில் கண்ணை மூடினாய். இப்போது மீனம், எட்டு மாசம் ஆகிறது. உன் மடக்கு கசேரை வீட்டில் சுவரோடு சாய்ந்து நிற்கிறது. அதை விரித்து அதில் உட்கார மனசு வரவில்லை. அதனால்தான் கடைக்குப் போனேன்.

தலைச்சன் பிள்ளையான உன்னைக் குஞ்ஞு என்று கூப்பிட்டது, பிறந்தபோது நீ ஒரு முழம்கூட இல்லை என்றுதானாம். அந்தக் குஞ்ஞு உடம்பில்தான் நாம் வேலை செய்த பெரியவீட்டுக் கொச்சம்மாவின் சாய்வு நாற்காலியை ஏற்றினார்கள். உற்சவம் தொடங்கினால் தினமும் மூன்று மணிக்கு அதைத் தலையில் வைத்து வரப்பு வழியே நடப்பாய். அறுத்த வயலில் மேடைக்கு முன்னால் போட்டுவிட்டு, பின்னால் போய் ஓரத்துப் பலாமரத்தடியில் எங்களோடு உட்காருவாய். ஒரு வருடம் வரப்பு இடிந்து நாற்காலியோடு விழுந்தாய். நாற்காலிக்கு ஒன்றும் ஆகவில்லை. உன் இடுப்பு போயிற்று. கொச்சம்மா மூன்று வாரம் இடுப்பில் தேய்க்கக் குழம்பும் தைலமும் கொடுத்துவிட்டார்கள், அதையும் சொல்ல வேண்டும். ஆனால் அதற்குப் பிறகு உன்னால் தரையில் உட்கார முடியவில்லை. கதாப்பிரசங்கம் முடியும் வரைக்கும் பலாமரத்தில் சாய்ந்து, வலது காலும் இடது காலும் மாற்றி மாற்றி நிற்பாய்.

பின்னே சட்டம் வந்தது. பெரியவீட்டு நிலத்தில் நின்ற நம் குடிலும் அதைச் சுற்றிய பத்து சென்டும் நமக்கே என்றார்கள். எல்லாரும் பேடித்துப் பின்வாங்கி நின்றபோது நீதான் இடுப்பைப் பிடித்துக்கொண்டு நெய்யாற்றின்கரைக்குப் போய் மனுக் கொடுத்தாய். பட்டயம் கிடைத்தது. அதோடு பெரியவீட்டிலிருந்து நமக்கு வேலை வரவில்லை. அந்த வாசலுக்கு நாமும் போகவில்லை.

என் வீட்டுக்காரர் மஸ்கட்டுக்குப் போனது அதற்குப் பிறகுதான். முதல் லீவுக்கு வரும்போது என்ன வேண்டும் என்று கேட்டு எழுதினார். ஒருத்தி சென்ட் குப்பி கேட்டாள், ஒருத்தி டேப் ரிக்கார்டர் கேட்டாள். நீ மடக்கு கசேரை கேட்டாய். மூன்றாம் கிளாஸ் படித்த நான் எழுத, நீ சொல்லச் சொல்ல ஒரு பக்கம் நிறைந்தது. கை வைத்தது வேண்டும், கை ஊன்றித்தான் எழும்ப முடியும். உயரம் கூடக் கூடாது, கால் தொங்கினால் இடுப்பு நோகும். கனம் கூடவே கூடாது.

"கனம் இருந்தா என்ன, நான் எடுத்துட்டு வாறேன்" என்றேன்.

"வேண்டாம் மக்கா. எனக்க கசேரைய நானாக்கும் சுமக்கணும். வேற ஒருத்தி தலையில ஏத்துனா நான் அதுல இருக்க மாட்டேன்."

உயரத்துக்கு எண் சொல்லத் தெரியாமல், குதிகாலிலிருந்து முட்டுக்குப் பின்பக்கம் வரைக்கும் நூல் வைத்து அளந்து, முடிச்சுப் போட்டுக் கவருக்குள் வைத்தோம். அவர் அந்த நூலோடு அங்கே நாலு கடை ஏறி இறங்கியிருக்கிறார். வந்து சொன்னார்: "கடைக்காரன் இது என்னன்னு கேட்டான். எனக்க மைனிக்க காலாக்கும், தபால்ல வந்ததுன்னு சொன்னேன்." நீ சிரித்துச் சிரித்து இடுப்பைப் பிடித்துக்கொண்டாய்.

அலுமினியக் குழாயும் நீலமும் வெள்ளையுமாய் நாடாவும். முற்றத்தில் எட்டு நாள் விரித்தும் மடக்கியும் பழகினாய். ஒரு தரம் விரலை நசுக்கிக்கொண்டாய். உற்சவத்தன்று அதை அக்குளில் இடுக்கி நீ முன்னால் நடந்தாய், நான் பின்னால் வந்தேன். உன் மடியில் என்னவோ கடகடத்தது. வயலில் வைத்துப் பார்த்தால் நாலு தேங்காய்ச் சிரட்டை. கசேரையின் மெல்லிய கால் ஈர மண்ணில் தாழ்ந்துவிடும் என்று எனக்குத் தோன்றவே இல்லை, மஸ்கட்டில் வாங்கினவருக்கும் தோன்றவில்லை. வயலில் குனிந்து வேலை செய்த உனக்குத் தோன்றியது. சிரட்டையைக் கவிழ்த்து, ஒவ்வொரு காலுக்கும் ஒன்று வைத்து, மேலே உட்கார்ந்தாய். பலாமரத்தடியில் அல்ல, மேடைக்கு முன்னால். அசையவில்லை. உன் முகத்தை அப்படி நான் அதற்கு முன் பார்த்ததில்லை.

கதை தொடங்கி அரை மணிகூட ஆகியிருக்காது. கொச்சம்மா வந்தார்கள். மருமகள் மட்டும் கூட இருந்தாள். நாற்காலி சுமக்க அந்த வீட்டில் ஆள் இல்லாமல் போயிருந்தது. தரையில் உட்கார்ந்து பழக்கமும் இல்லை. நமக்குப் பக்கத்தில் வந்து நின்றார்கள். கால் இரண்டும் நீர் கோத்து வீங்கியிருந்தது. வலது காலும் இடது காலும் மாற்றி மாற்றி வைத்தார்கள். நீ கை ஊன்றி எழும்பினாய்.

"இரியுங்க கொச்சம்மா."

"வேண்டாம் குஞ்ஞு. இது உனக்கதாக்கும். நீ இரி."

நீ கேட்கவில்லை. அவர்கள் உட்கார்ந்தார்கள். தீபாராதனை வரைக்கும் நீ என் தோளைப் பிடித்து நின்றாய். உன் கனம் முழுக்க என் தோளில். எனக்கு உள்ளே எரிந்தது. எதற்கு எழும்பினாய் என்று காதில் கேட்டேன். "இடுப்பு மரத்துப் போச்சு மக்கா, கொஞ்சம் நிக்கணும்" என்றாய். பொய். சுமந்து பழகின புத்தி பட்டயம் வாங்கினாலும் போகாது என்று வழி முழுக்கத் திட்டினேன். நீ கசேரையை இடுக்கிக்கொண்டு முன்னால் நடந்தாய். நாலு நாள் நான் உன்னோடு பேசவில்லை.

அதற்குப் பிறகு எத்தனையோ உற்சவம் அதில் உட்கார்ந்து கேட்டாய். நாடா பிய்ந்து இரண்டு தரம் பிளாஸ்டிக் வயரில் பின்னினோம். கொச்சம்மா போய்ச் சேர்ந்தார்கள், என் வீட்டுக்காரரும் போய்ச் சேர்ந்தார். அந்த முதல் நாளைப் பற்றி மட்டும் நான் கேட்கவில்லை, நீயும் சொல்லவில்லை. திட்டினவளுக்குக் கேட்க வெட்கம்.

கடையில் பார்த்தவற்றில் எதையும் எடுக்காமல் வந்துவிட்டேன். உன் நூல் எனக்கு இரண்டு விரல் குறைவு, ஆனாலும் அதை வைத்துத்தான் நாளைக்குப் போய் எடுப்பேன். சிரட்டை நாலும் தேய்த்துக் கழுவி வெயிலில் வைத்திருக்கிறேன். இப்போது முட்டு வலித்து நான் கால் மாற்றி நிற்கும்போதெல்லாம், பலாமரத்தடியில் நின்ற நீயும் நினைவுக்கு வருகிறாய், அன்று நம் பக்கத்தில் நின்ற அவர்களும் வருகிறார்கள்.

சொல்லு குஞ்ஞக்கா. அன்று நீ கொச்சம்மாவைக் கண்டு எழும்பினாயா, அந்த வீங்கின காலைக் கண்டு எழும்பினாயா?